படம் பிடிக்க வந்தவர்

எங்கள் தெருக் கோடியில் இட்லிக் கடை வைத்திருந்த ஓர் அம்மாளை வைத்து நான் ஒரு தடவை சிறுகதை எழுதினேன். பெயரை மாற்றினேன், ஊரை மாற்றினேன், இட்லியைக்கூட ஆப்பமாக்கினேன். கதை பிரசுரமாயிற்று. கண்ணீர் விட்டதாக வாசகர்கள் கடிதம் எழுதினார்கள். சன்மானமும் வந்தது. அந்த அம்மாளின் மகன் பள்ளிக்கூடத்தில் படித்துக்கொண்டிருந்தான். அவன் பத்திரிகையை எங்கிருந்தோ பிடித்துக் கொண்டுவந்து தாயாருக்கு வாசித்துக் காட்டிவிட்டான். ஆப்பத்துக்குள் ஒளிந்திருந்த இட்லியை அவள் உடனே கண்டுகொண்டாள்.

மறுநாள் காலையில் கடைக்குப் போனபோது கேட்டாள்:

"என்னை வெச்சுக் கதை எழுதினீங்களாமே, சார்?"

"ஆமாம்மா. நல்ல விதமாகத்தான் எழுதியிருக்கிறேன்."

"எவ்வளவு குடுத்தாங்க?"

தொகையைச் சொன்னேன். உண்மையில் பாதியாகக் குறைத்துத்தான் சொன்னேன். அவள் கோபித்துக்கொள்ளவில்லை. "எங்க கஷ்டத்துக்கு இம்புட்டு விலையா!" என்று ஆச்சரியப்பட்டுவிட்டு, "சட்னி வைக்கட்டுமா?" என்றாள். அன்று இட்லி தொண்டையில் இறங்கவில்லை என்று எழுதினால் அழகாக இருக்கும். இறங்கத்தான் செய்தது. கேள்விதான் இறங்கவில்லை.

இது நடந்து சில மாதங்களுக்குப் பிறகு, நண்பர் ஒருவர் வற்புறுத்தி அழைத்துப் போனதால், ஒரு சிறிய ஹாலில் மடக்கு நாற்காலியில் உட்கார்ந்து பழைய டாக்குமெண்டரி படம் ஒன்றைப் பார்த்தேன். பம்பாய் நகரத்துச் சேரிகளையும் நடைபாதைக் குடிசைகளையும் பற்றியது. 1985-ல் வெளிவந்தது. 'நமது நகரம் பம்பாய்' என்று தலைப்பைத் தமிழில் சொல்லலாம். குடிசைகளைப் பிரித்துப் போட்டுக்கொண்டிருக்கிறார்கள். தகரமும் சாக்கும் தட்டுமுட்டுச் சாமான்களும் சிதறிக் கிடக்கின்றன. காமிரா ஒரு பெண்பிள்ளையின் முகத்துக்கு நேரே போகிறது. அவள் அழுவாள் என்று நாம் எதிர்பார்க்கிறோம். அவளோ படம் எடுக்கிறவரைப் பார்த்துச் சீறுகிறாள். ஏழைகளைப் படம் பிடித்துக்கொண்டு போய் நீ பெயர் வாங்குவாய், எங்களுக்கு இதனால் என்ன ஆகப்போகிறது என்பதுதான் அவள் பேச்சின் சாரம்.

என்னை நாற்காலியில் நிமிர வைத்தது அந்தப் பேச்சு மட்டுமல்ல. அதை அந்த மனிதர் படத்தில் வைத்திருந்தார். கத்தரி அவர் கையில்தான் இருந்தது. நானாக இருந்தால் என்ன செய்திருப்பேன்? இட்லியை ஆப்பமாக்கின கை அல்லவா இது!

அந்தப் படத்தை எடுத்தவர் ஆனந்த் பட்வர்தன். அன்றிலிருந்து அவரைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படிக்கத் தொடங்கினேன்.

அவரைப் பற்றிச் சொல்வதற்கு முன்னால் டாக்குமெண்டரி என்றால் நம் ஊரில் என்ன அர்த்தம் என்பதைக் கொஞ்சம் ஞாபகப்படுத்த வேண்டும். சர்க்கார் 1948-ல் ஃபிலிம்ஸ் டிவிஷன் என்று ஓர் இலாகாவை ஏற்படுத்தி, செய்திப் படங்களையும் விளக்கப் படங்களையும் தயாரித்து, ஒவ்வொரு கொட்டகைக்கும் அனுப்பிவைத்தது. கொட்டகைக்காரர் அவற்றைக் காட்டியே தீர வேண்டும். அதற்கு வாடகையும் கட்ட வேண்டும். என் சிறு பிராயத்தில் எங்கள் ஊர் டூரிங் டாக்கீஸிலும் அவை ஓடின. கனமான குரல் ஒன்று அணைக்கட்டைப் பற்றியோ வெள்ளச் சேதத்தைப் பற்றியோ விஸ்தாரமாகப் பேசும். ஜனங்கள் அந்த நேரத்தில்தான் முறுக்கு வாங்கப் போவார்கள். அந்த இலாகாவில் திறமைசாலிகள் பலர் வேலை செய்தார்கள் என்பதைப் பின்னால் அறிந்துகொண்டேன். ஆனாலும் சர்க்கார் செலவில் எடுக்கிற படம் சர்க்காரைப் பார்த்து எவ்வளவு தூரம் கேள்வி கேட்க முடியும்? 2022-ல் அந்த இலாகாவைத் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கார்ப்பொரேஷனோடு சேர்த்துவிட்டார்கள்.

பட்வர்தன் இந்த ஏற்பாட்டுக்கு வெளியே நின்றவர். 1950-ல் பம்பாயில் பிறந்தார். பெரியப்பா, சிற்றப்பா வரிசையில் அச்யுத் பட்வர்தன், ராவ் பட்வர்தன் போன்ற சுதந்திரப் போராட்ட வீரர்கள்; தாயார் மண்பாண்டக் கலைஞர். பம்பாயில் ஆங்கில இலக்கியம் படித்துவிட்டு, அமெரிக்காவில் பிராண்டைஸ் சர்வகலாசாலையில் சமூக இயலில் பட்டம் வாங்கினார். அது வியட்நாம் யுத்தத்தை எதிர்த்து மாணவர்கள் தெருவுக்கு வந்த சமயம். அவரும் வந்தார். கலிபோர்னியாவில் ஸீஸர் சாவெஸ் நடத்திய பண்ணைத் தொழிலாளர் சங்கத்தில் தொண்டராக வேலை செய்தார். ஊருக்குத் திரும்பியதும் மத்தியப் பிரதேசத்தில் ஒரு கிராமத் தொண்டு நிலையத்தில் சேர்ந்தார். ஸினிமா ஸ்டூடியோ வாசலை மிதித்த மனிதராகவே தெரியவில்லை.

1974-ல் பீஹாரில் ஜயப்பிரகாஷ் நாராயணரின் இயக்கம் கொந்தளித்துக்கொண்டிருந்தது. நவம்பர் 4-ந் தேதி பாட்னாவில் பெரிய ஊர்வலம். போலீஸ் தடியடி நடத்தினால் அதற்குச் சாட்சி வேண்டுமே என்று, இரவல் வாங்கிய காமிரா ஒன்றோடு பட்வர்தனும் ஒரு நண்பரும் அங்கே போனார்கள். அது சூப்பர் 8 என்கிற வகை. கல்யாண வீட்டிலும் குழந்தையின் பிறந்த நாளிலும் வீட்டுக்காரர்கள் விளையாட்டாக எடுத்துக்கொள்கிற காமிரா. ஒரு பெட்டி ஃபிலிம் போட்டால் சுமார் மூன்று நிமிஷம் ஓடும். அதைக் கொண்டுபோய்க் கொட்டகையில் காட்ட முடியாது. இவர் என்ன செய்தார் தெரியுமா? எடுத்ததைச் சிறு திரையில் ஓட்டி, அந்தத் திரையை 16 எம்.எம். காமிராவினால் மறுபடியும் படம் பிடித்தார்! அதனால் காட்சிகள் புள்ளி புள்ளியாக, மழை பெய்கிற மாதிரி தெரியும். கலையழகுக்காக அப்படி எடுத்தார் என்று பின்னால் யாரேனும் எழுதியிருந்தால் ஆச்சரியமில்லை. கையில் காசு இல்லாததுதான் காரணம். பிறகு சாவி கொடுத்து ஓட்டுகிற பழைய 16 எம்.எம். காமிராவிலும் கொஞ்சம் எடுத்துச் சேர்த்தார். அரை மணி நேரத்துப் படம் தயாராயிற்று.

தயாரான சமயம் பார்த்து 1975 ஜூன் மாதம் எமர்ஜென்ஸி வந்துவிட்டது. படத்தில் இருந்தவர்கள் சிறைக்குப் போனார்கள். படம் தலைமறைவாயிற்று. ஒரு பிரதியைத் துண்டு துண்டாக வெட்டி, வெளிநாடு போகிற நண்பர்கள் மூலம் தனித்தனியே கடத்தினார்கள். பட்வர்தன் கானடாவில் மக்கில் சர்வகலாசாலைக்குப் படிக்கப் போனார். துண்டுகள் அங்கே மறுபடி ஒன்று சேர்ந்தன. ஆராய்ச்சிப் பட்டத்துக்கு அவர் எழுதிய கட்டுரையும் இந்தப் படத்தின் கதையைப் பற்றியதுதான்.

1977-ல் எமர்ஜென்ஸி முடிந்ததும் திரும்பி வந்து, அரசியல் கைதிகளைப் பற்றி ஒரு படம் எடுத்தார். பின்பு கானடாவில், பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்துப் பண்ணைகளில் கூலிவேலை செய்த இந்தியர்கள் சங்கம் சேர்ந்ததைப் பற்றி, ஜிம் மன்ரோ என்பவரோடு சேர்ந்து ஒரு படம். அதன் பிறகுதான் பம்பாய்.

இந்த இடத்தில் நம் சேலத்துக்காரர் ஒருவர் உள்ளே வருகிறார். 1981 ஜூலையில், மழை கொட்டுகிற காலத்தில், மகாராஷ்டிர முதல் மந்திரி ஏ. ஆர். அந்துலே நடைபாதைவாசிகளை அப்புறப்படுத்தி அவரவர் சொந்த ஊருக்கே அனுப்பப்போவதாக அறிவித்தார். ஓல்கா டெல்லிஸ் என்ற பத்திரிகை எழுத்தாளரும் நடைபாதைவாசிகள் சிலரும் ஸுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார்கள். அவர்களில் ஒருவர் சேலத்திலிருந்து 1961-ல் பம்பாய்க்குப் பிழைக்கப் போனவர். ஊரில் நிலமில்லாத விவசாயக் கூலி. மழை பொய்த்ததால் வேலை போயிற்று. பம்பாயில் ஒரு ரசாயனக் கம்பெனியில் தினக்கூலி 23 ரூபாய். நெடுஞ்சாலை ஓரத்தில் பிளாஸ்டிக் தாளும் கான்வாஸும் கட்டிய ஓர் இடத்துக்காக ஒரு பேட்டை ரௌடிக்கு 2,500 ரூபாய் அழுதிருக்கிறார். நடைபாதைக்குக்கூட பகடி! ஜூலை 23-ந் தேதி குடிசையைப் பிரித்துப் போட்டு, மனைவி மக்களோடு அவரைச் சேலத்துக்குப் போகிற பஸ்ஸில் ஏற்றி அனுப்பினார்கள். குடும்பம் சேலத்தில் தங்கிவிட்டது. அவர் வேலை தேடித் திரும்பவும் பம்பாய்க்கே வந்து திரும்பவும் ஒரு நடைபாதையில் குடியேறினார். தீர்ப்பிலேயே இவ்வளவும் இருக்கிறது. பத்துப் பக்கத்துக் கதையில் நான் கொண்டுவர முடியாததை நீதிபதிகள் பத்து வரியில் எழுதிவிட்டார்கள்.

1985 ஜூலை 10-ந் தேதி தீர்ப்பு வந்தது. பிழைக்கும் உரிமை உயிர் வாழும் உரிமையில் அடங்கியதே என்று ஐந்து நீதிபதிகளும் ஒப்புக்கொண்டார்கள். அப்படியானால் குடிசை தப்பியதா? இல்லை. முறைப்படி அப்புறப்படுத்தலாம், ஆனால் அக்டோபர் 31 வரை, அதாவது மழைக்காலம் கழிகிறவரை பொறுத்துக்கொள்ளுங்கள் என்றும் சொன்னார்கள். சட்ட மாணவர்கள் அந்தத் தீர்ப்பை இன்றைக்கும் படிக்கிறார்கள்.

பட்வர்தனின் பம்பாய்ப் படம் இந்தச் சூழ்நிலையில் உருவானது. மாடி வீட்டைக் கட்டுகிற கொத்துவேலைக்காரர்கள் அந்த வீட்டின் நிழலிலேயே சாக்குக் குடிசையில் இருக்கிறார்கள். அதிகாரிகளும் வசதியுள்ள கனவான்களும் நகரத்தின் அசுத்தத்தைப் பற்றி வருத்தத்தோடு பேசுகிறார்கள். அவர்களைக் கெட்டவர்களாகக் காட்டுவதற்கு இவர் ஒன்றுமே செய்யவில்லை; பேசவிட்டுக் காமிராவை ஓடவிட்டிருக்கிறார், அவ்வளவுதான். நடுநடுவே ஒரு பாடகர் வருகிறார். மெலிந்த தேகம், கையில் ஒற்றைத் தந்தி வாத்தியம். விலாஸ் கோக்ரே என்று பெயர். தாழ்த்தப்பட்ட வகுப்பில் பிறந்து, சேரியில் வாழ்ந்து, தொழிலாளர் கூட்டங்களில் பாடியவர். வாசகர்கள் இந்தப் பெயரை ஞாபகத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

படத்துக்குத் தேசிய விருது கிடைத்தது. அந்தப் பெண்பிள்ளை சொன்னபடியே பெயர் வாங்கிவிட்டார் அல்லவா? ஆனால் விஷயம் அதோடு நிற்கவில்லை. 1986-ல் பம்பாய்த் தென்கோடியில் சஞ்சய் காந்தி நகர் என்ற குடிசைப் பகுதியை இடித்தபோது, அங்கே இருந்தவர்களோடு சேர்ந்து பட்வர்தனும் நடிகை ஷபனா ஆஸ்மியும் உண்ணாவிரதம் உட்கார்ந்தார்கள். சர்க்கார் இறங்கி வந்து மாற்று இடம் கொடுக்க ஒப்புக்கொண்டது. அந்தக் கேள்விக்கு இது பதிலாகுமா என்று எனக்குத் தெரியாது. கேள்வி அவர் காதில் விழுந்திருக்கிறது என்றமட்டில் சொல்லலாம்.

சொந்தமாகப் படம் எடுக்கிறவருக்குப் பணத்தொல்லையைவிடப் பெரிய தொல்லை எடுத்ததைக் காட்டுவது. 1952-ம் வருஷத்துச் சட்டப்படி பொதுஜனங்களுக்குக் காட்டும் எந்தப் படத்துக்கும் ஸென்ஸார் சர்ட்டிபிகேட் வேண்டும், டாக்குமெண்டரிக்கும் விலக்கில்லை. நாவலாசிரியர் கே. ஏ. அப்பாஸ் நான்கு நகரங்களைப் பற்றிச் சிறு படம் ஒன்று எடுத்தபோது, பம்பாயின் விபசாரத் தெருக் காட்சிகளை வெட்டச் சொன்னார்கள். அவர் ஸுப்ரீம் கோர்ட்டு வரை போனார். படங்களை முன்கூட்டியே தணிக்கை செய்வது செல்லும் என்று 1970-ல் தீர்ப்பாயிற்று. எழுத்தாளனுக்கு இல்லாத விலங்கு படக்காரனுக்கு உண்டு என்று அப்போதிலிருந்து நிலைத்துவிட்டது. (எழுத்தாளனுக்கு விலங்கே இல்லை என்று இதற்கு அர்த்தம் செய்துகொள்ள வேண்டாம். எங்கள் விலங்கை நாங்களே செய்து மாட்டிக்கொள்கிறோம்.)

பட்வர்தன் இந்தச் சட்டத்தை எதிர்த்துக்கொண்டே, அதற்குள் இருந்த சந்து பொந்துகளையும் கண்டுபிடித்தார். சர்ட்டிபிகேட்டுக்குப் போராடுவார்; கிடைக்கும். விருதுக்கு அனுப்புவார், அதுவும் பெரும்பாலும் கிடைக்கும். பிறகு தூர்தர்ஷனுக்கு அனுப்புவார். மாட்டோம் என்பார்கள். ஜனாதிபதி கையால் விருது கொடுத்த படத்தை ஜனங்கள் பார்க்கக் கூடாதா என்று கோர்ட்டில் கேட்பார். அயோத்திப் பிரச்னையைப் பற்றி அவர் எடுத்த 'ராமின் பெயரால்' என்ற படம் 1992-ல் வெளிவந்தது. அந்த வருஷம் டிசம்பர் 6-ல்தான் மசூதி இடிக்கப்பட்டது. 1990-ம் வருஷத்து ரத யாத்திரையின் நாட்களில், அயோத்தியில் கோர்ட்டு நியமித்த பூசாரி லால்தாஸ், இந்தக் கிளர்ச்சி பக்தியினால் நடப்பதல்ல என்று காமிராவுக்கு முன்னால் நிதானமாகச் சொல்கிறார். 1993-ல் அவரைக் கொன்றுவிட்டார்கள். விருது பெற்ற அந்தப் படமும் கோர்ட்டு ஏறித்தான் டெலிவிஷனுக்குப் போயிற்று.

1995-ல் வந்த இன்னொரு படத்துக்கு இரண்டு பாகம். முதல் பாகத்துக்கு 'யு', இரண்டாம் பாகத்துக்கு 'ஏ' என்று சர்ட்டிபிகேட். வழக்கு ஸுப்ரீம் கோர்ட்டில் முடிந்தது 2006 ஆகஸ்டில். பதினோரு வருஷம்! போக்ரான் அணுகுண்டுச் சோதனைக்குப் பிறகு இந்தியா, பாகிஸ்தான், ஜப்பான், அமெரிக்கா என்று அலைந்து எடுத்து 2002-ல் வெளியிட்ட யுத்த எதிர்ப்புப் படத்தில் 21 இடங்களில் வெட்டச் சொன்னார்கள். ஒரு வெட்டும் இல்லாமல் காட்டலாம் என்று 2003-ல் பம்பாய் ஹைக்கோர்ட்டு சொல்லிற்று. அடுத்த வருஷம், பம்பாய்ச் சர்வதேச டாக்குமெண்டரி விழாவில் இந்தியப் படங்களுக்கு மட்டும் ஸென்ஸார் சர்ட்டிபிகேட் வேண்டும் என்று நிபந்தனை போடப் பார்த்தபோது, நாடு முழுவதிலுமிருந்து தனிப் படக்காரர்கள் ஒன்று சேர்ந்து போட்டி விழா ஒன்றே நடத்திவிட்டார்கள்.

அவருடைய படங்களில் எனக்கு எல்லாமே பிடிக்கும் என்று சொல்ல மாட்டேன். சில இடங்களில் அவர் யார் கட்சி என்பது முதல் நிமிஷத்திலேயே தெரிந்துவிடுகிறது. எதிர்க்கட்சிக்காரனின் மனசுக்குள் ஒரு நொடியாவது நுழைந்து பார்க்க மாட்டாரா என்று கதை எழுதுகிறவனுக்கு ஆதங்கமாக இருக்கிறது. நீளமும் அதிகம். ஆனால் அந்த நீளத்தைப் பற்றிக் குறை சொல்ல வாய் எடுக்கிறபோதெல்லாம் 2011-ம் வருஷத்துப் படம் ஞாபகத்துக்கு வந்து என் வாயை அடைத்துவிடும்.

விலாஸ் கோக்ரேயை ஞாபகம் வைத்திருக்கிறீர்கள் அல்லவா? 1997 ஜூலை 11-ந் தேதி காலை, பம்பாயில் காட்கோபர் பகுதியிலுள்ள ரமாபாய் அம்பேத்கர் நகரில் டாக்டர் அம்பேத்கரின் சிலைக்கு யாரோ செருப்பு மாலை போட்டிருந்தார்கள். ஜனங்கள் கொதித்துச் சாலைக்கு வந்தார்கள். ரிசர்வ் போலீஸார் சுட்டதில் பத்துப் பேர் இறந்தார்கள். கோக்ரே அந்த இடத்துக்குப் போய்ப் பார்த்தார். நாலு நாள் கழித்து, தலையில் நீலத் துணியைக் கட்டிக்கொண்டு, தம் குடிசையில் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். ஆயுள் முழுவதும் சிவப்புக் கொடிக்காகப் பாடியவர் போகிறபோது நீல நிறத்தை எடுத்துக்கொண்டு போனார்.

பட்வர்தன் அன்றைக்கு ஆரம்பித்த படம் முடிய 14 வருஷம் ஆயிற்று. ஏன் ஒரு பாடகன் பாட்டை நிறுத்தினான் என்று விசாரிக்கப் போனவர், சேரி சேரியாக அலைந்து, மற்றப் பாடகர்களைக் கேட்டு, குப்பை அள்ளுகிறவர்களோடு குப்பை வண்டியில் ஏறி, சுட்டவர்களின் வழக்கைப் பின்தொடர்ந்து போனார். சுட உத்தரவிட்ட போலீஸ் அதிகாரிக்கு 2009-ல் ஆயுள் தண்டனை விதித்தார்கள். சீக்கிரமே ஜாமீனும் கிடைத்தது. அதற்குள் படம் பிடித்த இளைஞர்களுக்கு நரை கண்டுவிட்டது, குழந்தைகள் பெரியவர்களாகிவிட்டார்கள். மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடுகிற படம். 'ஜெய் பீம் காம்ரேட்' என்று பெயர். பம்பாயில் தொழிலாளர் சால்களிலும் சேரிகளிலும் திறந்த வெளியில் திரை கட்டிக் காட்டினார்கள். யாரைப் பற்றி எடுத்ததோ அவர்கள் தரையில் உட்கார்ந்து கடைசி வரை பார்த்தார்கள். 1985-ம் வருஷத்துப் படத்தில் பாடிய கோக்ரே அந்தத் திரையில் மறுபடி பாடினார்.

இத்தனைக்கும் அந்தப் பாடகர் இவருக்கு உறவா, ஜாதியா? ஒரு படத்தில் பாட்டுப் பாடினவர். எத்தனையோ பேரைப் படம் பிடிக்கிறோம், எத்தனையோ பேரைக் கதையில் எழுதுகிறோம். அவர்களில் ஒருவர் இறந்துபோனால் அனுதாபக் கட்டுரை ஒன்று எழுதிவிட்டு அடுத்த வேலையைப் பார்ப்பதுதான் எங்கள் தொழில் வழக்கம். நானும் எழுதியிருக்கிறேன்.

எங்கள் தெருக் கோடியில் இப்போது இட்லிக் கடை இல்லை. சாலையை அகலப்படுத்தியபோது அந்த வரிசை முழுவதையும் எடுத்துவிட்டார்கள். அந்தச் சமயம் நான் ஒரு தொடர்கதைக்கு அத்தியாயம் எழுதிக்கொண்டிருந்ததால் ஒரு வாரம் வீட்டை விட்டு வெளியே வரவில்லை. வந்து பார்த்தபோது அடுப்பு இருந்த இடத்தில் ஜல்லி கொட்டியிருந்தது. எங்கே போனாள் என்று பக்கத்துக் கடைக்காரரைக் கேட்டேன். அவருக்கும் தெரியவில்லை.

போன மாதம் பஸ் நிலையத்தில் செல்போன் கடை ஒன்றில் ஓர் இளைஞன், "சார், என்னைத் தெரியலியா?" என்று கேட்டான். கதையை வாசித்துக் காட்டின பையன். அம்மா ஊரோடு போய்விட்டாளாம், முழங்கால் வலியாம், நடமாட்டம் அதிகம் இல்லையாம். கொஞ்ச நேரம் பேசிக்கொண்டிருந்துவிட்டுக் கிளம்பினேன்.

"இன்னும் எழுதுறீங்களா, சார்?" என்று கேட்டான்.

"எழுதுகிறேன்" என்றேன். ஊர் பெயரைக் கேட்டு, டைரியில் குறித்துக்கொண்டு பஸ் ஏறினேன்.